துண்டு போட்ட எக்ஸ்

அமெரிக்காவில் பின்னால் வந்த கார் இடித்து ஒருவருக்குக் கழுத்து சுளுக்கிக்கொண்டால், அதற்கு எண் போடுவது சென்னையில் உட்கார்ந்து மெடிக்கல் கோடிங் செய்யும் என் அக்கா மகள். எஸ்13.4எக்ஸ்எக்ஸ்ஏ. நடுவில் எதற்கு இரண்டு எக்ஸ் என்றேன். ஏழாவது எழுத்து ஏழாவது இடத்தில்தான் உட்காருமாம். அதுவரை காலி சீட்டில் எக்ஸ் துண்டு போட்டு வைக்கும். கடைசி 'ஏ' என்றால் சிகிச்சை நடக்கிறது, 'டி' என்றால் தேறி வருகிறார், 'எஸ்' என்றால் வலி நிரந்தர வாடகைக்கு வந்துவிட்டது.

அதோடு விடுகிறார்களா? இடித்தது காரா லாரியா, ஓட்டினாரா பக்கத்தில் இருந்தாரா, வாகனம் நிறுத்துமிடத்திலா (ஒய்92.481), கையில் செல்போனா (ஒய்93.சி2)? 2015 அக்டோபர் முதல் அமெரிக்க மருத்துவமனைகள் பின்பற்றும் ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டுப் புத்தகத்தில் விண்கலம் மோதி அடிபட்டால்கூட எண் உண்டு: வி95.43. எத்தனை பேர் கிளெய்ம் போட்டார்களோ!

போன மாதம் என் ஸ்கூட்டர் ஒரு மாட்டின் மேல் மோதியது. முழங்கையில் கட்டோடு அவளிடம் கேட்டேன்.

"வி20 மாமா. பாதசாரி அல்லது விலங்கு."

"எது?"

"ரெண்டுக்கும் ஒரே கோடுதான்."

இங்கே ஆஸ்பத்திரிச் சீட்டில் மூன்றே எழுத்து: ஆர்.டி.ஏ. அதாவது, சாலை விபத்து. மாட்டைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.