எலும்புக்கும் தீர்ப்பு உண்டு

1414இல் கான்ஸ்டன்ஸ் நகரில் திருச்சபையின் பெரிய சங்கம் கூடியது. ஒரே நேரத்தில் மூன்று பேர் 'நான்தான் போப்பாண்டவர்' என்று உட்கார்ந்திருந்தார்கள். அந்தப் பஞ்சாயத்தைத் தீர்ப்பதுதான் முக்கிய வேலை. உண்மையான போப் யார் என்பதில் இருந்த குழப்பம், மதத்துரோகி யார் என்பதில் மட்டும் துளியும் இல்லை.

திருச்சபையை விமர்சித்த பொஹீமியப் போதகர் யான் ஹூஸைப் பேச வரச் சொன்னார்கள். மன்னர் சிகிஸ்மண்ட் பாதுகாப்புக் கடிதமே கொடுத்திருந்தார். வந்த சில வாரங்களில் சிறை. துரோகிக்குக் கொடுத்த வாக்கு கணக்கில் சேராதாம். 1415 ஜூலை 6 அன்று, பிசாசுகள் வரைந்த காகிதத் தொப்பியைத் தலையில் மாட்டி எரித்தார்கள். யாரோ ஒருவர் உட்கார்ந்து அந்தப் பிசாசுகளைப் பொறுமையாக வரைந்திருக்கிறார் பாருங்கள், நிர்வாகம் என்றால் அது.

அதேபோல் திருச்சபையை விமர்சித்த இங்கிலாந்தின் இறையியலாளர் ஜான் விக்ளிஃபும் துரோகி என்று தீர்ப்பானது. மனிதர் 1384லேயே போய்ச் சேர்ந்துவிட்டார். அதனாலென்ன, தோண்டியெடுங்கள் என்றார்கள். ஃபைல் நகர 13 ஆண்டுகள் ஆயின. 1428இல் எலும்புகளை எரித்துச் சாம்பலை ஸ்விஃப்ட் ஆற்றில் கொட்டவைத்தார் பிஷப் ரிச்சர்ட் ஃபிளெமிங். ஆக்ஸ்ஃபோர்டு நாட்களில் அவர்மேலேயே விக்ளிஃப் பக்கம் சாய்ந்தவர் என்ற சந்தேகம் இருந்தது.

மூன்று போப்புகளில் பதின்மூன்றாம் பெனடிக்ட் மட்டும் இறங்கி வரவில்லை. 1417இல் அவரையும் துரோகி என்றார்கள். அவர் பெனிஸ்கோலா கோட்டையில் சாகும்வரை போப்பாகவே இருந்தார். கோட்டைச் சுவர் கெட்டி.