உயர்விலை நாயுணவில் மூன்றாம் வேற்றுமை: ஒரு முன்னாய்வு

முன்னுரை

நாய் தோன்றிய காலந்தொட்டே மனிதன் அதற்குச் சோறு போட்டு வருகிறான். ஆய்வுக் கட்டுரை என்றால் முதல் வரியில் ஏதாவது தோன்றியாக வேண்டும். அதற்காகத்தான் இந்த வரி. இரண்டாவது வரியில் அது வளர்ந்து, மூன்றாவதில் "இன்றைய நவீன உலகில்" என்று வந்து நிற்க வேண்டும். நின்றுவிட்டது.

தலைப்புக்கு ஒரு விளக்கம். ‘முன்னாய்வு’ என்ற சொல்லுக்குள் நாய் ஒளிந்திருப்பதாகச் சிலர் சிரிக்கக்கூடும். அங்கே இருப்பது றன்னகரம். நாயில் இருப்பது தந்நகரம். இந்த வேறுபாடு தெரியாதவர்கள் கட்டுரையை இத்தோடு நிறுத்திவிட்டுப் பேராசிரியர் பணிக்கு விண்ணப்பிக்கலாம்.

ஆய்வுக் களமும் எல்லையும்

சென்னையில் ஓர் அடுக்ககத்தின் மூன்றாம் மாடி. அதன் சமையலறை, பால்கனி, லிஃப்ட். தெருமுனையில் உள்ள பெட் ஷாப். காலம், ஒரு மூட்டை தீரும்வரை.

முதன்மைச் சான்றுகள் இரண்டு. ஒன்று மணி, வயது நான்கு, நாட்டு நாய். ஒப்புதல் படிவத்தின் மேல் உட்கார்ந்து ஒப்புதல் தந்தது. மற்றது பூனை. கூப்பிட்டால் வருவதில்லை என்பதால் பெயர் வைக்கப்படவில்லை. துணைமைச் சான்றுகள்: எதிர்வீட்டு மாமி, வாட்ச்மேன், என் மகள், பால்கனிக்கு வரும் ஒரு காக்கை.

முன்னோர் ஆய்வு

நாயுணவை முதலில் வணிகமாக்கியவர் ஜேம்ஸ் ஸ்ப்ராட் என்ற அமெரிக்கர். இடிதாங்கி விற்கும் வேலையாக லண்டன் போனவர், 1860 வாக்கில் அங்கே கோதுமை, காய்கறி, பீட்ரூட், இறைச்சி சேர்த்து நாய் பிஸ்கட் செய்தார். இறைச்சி எதனுடையது என்பதில் வாய் திறக்காதவராகவும், வாங்குபவர் கனவானாகவே இருக்க வேண்டும் என்பதில் குறியாகவும் இருந்தார். ஆக, உயர்விலை என்பது இந்தத் தொழிலில் இடையில் வந்த நோயன்று, பிறவிக்குணம். அவரிடம் வேலை பார்த்த சார்லஸ் கிரஃப்ட் என்பவர்தான் பின்னாளில், 1891-இல், தம் பெயரில் நாய்க் கண்காட்சி தொடங்கினார். பிஸ்கட் விற்றவர் நாய்க்குப் பரிசும் தர ஆரம்பித்தார். நூலை வெளியிட்டவரே விருதுக் குழுவில் உட்காரும் வழக்கம் நம் நாட்டுக்கு எங்கிருந்து வந்தது என்பதற்கு இது ஒரு தடயம்.

1957-இல் அமெரிக்காவின் பியூரினா நிறுவனம் எக்ஸ்ட்ரூடரில் பிழிந்த நாயுணவைக் கொண்டுவந்தது. மாவை அழுத்தத்தில் வேகவைத்து, அச்சில் பிழிந்து, துண்டு துண்டாக அறுப்பது, அதாவது முறுக்கு. அந்தச் சூட்டில் ருசி போய்விடுவதால், காய்ந்தபின் மேலே கொழுப்பும் இறைச்சிச் சாறும் தெளிப்பார்கள். மிக்சருக்குக் கடைசியில் மிளகாய்ப்பொடி தூவுகிற மாதிரி. நாய் மயங்குவது அந்தத் தூவலுக்குத்தான். இதை எதிர்வீட்டு மாமியும் உறுதிப்படுத்துகிறார் (மாமி, பால்கனி, மாலை 6 மணி).

நுகர்வோர் வகைப்பாடு

மூட்டையாக வாங்குவோர். லூசில் வாங்குவோர். மகள் ஆர்டர் போட, பணம் மட்டும் கட்டுவோர். பழையது போடுவோர், இவர்கள் நுகர்வோரே அல்லர் என்பது நிறுவனங்களின் துணிபு.

நம் ஊரில் எந்த நாயுணவையும் ‘பெடிகிரீ’ என்றே கேட்டு வாங்குகிறார்கள். இலக்கணத்தில் இது ஆகுபெயர். பெடிகிரீ என்றால் வம்சாவளி. மணியின் தாய் கார்ப்பரேஷன் குப்பைத் தொட்டிக்குப் பக்கத்தில் காணப்பட்டவள். தந்தை பற்றித் தகவல் இல்லை (வாட்ச்மேன், வாய்மொழி). ஆனால் வம்சாவளியை நாளுக்கு இரண்டு வேளை தின்கிறது.

அலமாரியில் கீழ்த்தட்டில் பெடிகிரீ இருக்கும், மேல்தட்டில் ராயல் கேனின். கீழிருந்து மேலே கைநீட்டுபவர் முகத்தில் ஒரு முன்னேற்றம் தெரியும். இரண்டும் மார்ஸ் என்ற ஒரே நிறுவனத்தின் பிள்ளைகள். அந்த வீட்டின் குலத்தொழில் சாக்லேட். நாய்க்கு ஆகவே ஆகாத பண்டம் எது என்று எந்தக் கால்நடை மருத்துவரைக் கேட்டாலும் முதலில் சொல்வது அதைத்தான்.

ராயல் கேனின் 1968-இல் பிரான்சில் ஒரு கால்நடை மருத்துவர் தொடங்கியது. இப்போது இனத்துக்கு இனம் தனி மூட்டை. லேப்ரடார் அவசரமாக விழுங்கும் என்பதால் அதற்கான துண்டு நடுவில் ஓட்டையோடு வரும். மெதுவடைக்கு ஏன் ஓட்டை என்று நம்மவர் இன்னும் பட்டிமன்றம் நடத்திக்கொண்டிருக்க, பிரெஞ்சுக்காரர் அதை வைத்து விலையைக் கூட்டிவிட்டார். ராஜபாளையம் நாய்க்கு 2005-இல் இந்திய அஞ்சல் துறை தபால்தலை வெளியிட்டது. எங்கள் தெருமுனைக் கடை அலமாரியில் அதற்கு மூட்டை இல்லை. கோம்பை, சிப்பிப்பாறை, கன்னி ஆகியவற்றுக்கும் இல்லை. நக்குவதற்குத் தபால்தலை இருக்கிறதே என்றார் கடைக்காரர்.

வரியியல்

2017-இல் ஜிஎஸ்டி வந்தபோது மாட்டுத் தீவனத்துக்கு வரி இல்லை, நாய் பூனைப் பொட்டலத்துக்கு 18 சதவீதம். மாட்டுக்கு எப்போதுமே ஆள்பலம் உண்டு.

மூன்றாம் வேற்றுமை

இனி ஆய்வின் இதயப் பகுதி. மற்ற பகுதிகள் பக்க எண்ணிக்கைக்காகச் சேர்க்கப்பட்டவை.

அமெரிக்கத் தீவனக் கட்டுப்பாட்டு அதிகாரிகள் சங்கம் என்றொரு அமைப்பு இருக்கிறது. சுருக்கமாக ஆஃப்கோ. மூட்டையின் மேல் எந்தச் சொல் எழுதினால் உள்ளே எவ்வளவு இருக்க வேண்டும் என்று வரையறுப்பது இவர்களே. நம் ஊரில் இந்தப் பணியைச் செய்தவர்கள் தொல்காப்பியரும் நன்னூலாரும். இரு மரபுகளையும் ஒப்பிட யாருக்கும் தோன்றாமல் போனது எனக்கு வாய்த்த நல்லூழ்.

‘கோழி நாயுணவு’ என்று பெயர் வைத்தால், சேர்த்த தண்ணீரைக் கழித்து, 95 சதவீதம் கோழி இருக்க வேண்டும். கோழியாகிய உணவு, எனவே இருபெயரொட்டுப் பண்புத்தொகை. ஐயத்துக்கு இடமில்லை.

‘கோழி டின்னர்’ என்றால் 25 சதவீதம் போதும். இது கோழியால் ஆகிய டின்னர் என விரியும்; பொற்குடம்போல, உருபும் பயனும் உடன்தொக்க தொகை. தொகைநிலைத் தொடரில் ஏதோ ஒன்று மறைந்திருக்கும் என்று ஒன்பதாம் வகுப்பில் படித்தோம். இங்கே முக்கால் பங்கு மறைந்திருக்கிறது. பொற்குடத்தில் கால்பங்குதான் பொன் என்றால் ஆசாரியை விடுவோமா?

‘கோழியுடன்’ என்றால் 3 சதவீதம். மூன்றாம் வேற்றுமை, உடனிகழ்ச்சிப் பொருள், மூன்று சதவீதம். இந்த எண் ஒற்றுமையைக் கண்ட இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. ஆஃப்கோவில் தமிழ்ப் புலவர் எவரேனும் இருந்திருக்க வேண்டும் என்று எழுதினேன்; அடித்தேன்; மறுபடி எழுதினேன். இதைவிட மெல்லிய நூலில் கண்டத்தையே கட்டி இழுத்த ஆய்வேடுகள் நூலகத்தில் இருக்கின்றன. மேலும் ஒரு சான்று. ஐரோப்பாவில் இதே ‘உடன்’ போட 4 சதவீதம் வேண்டும். நான்காம் வேற்றுமையின் தலையாய பொருள் கொடை. ஐரோப்பியர் ஒரு சதவீதம் கூடுதலாகக் கொடுப்பதற்கு இதைத் தவிர வேறு விளக்கம் சாத்தியமில்லை.

கடைசியாக ‘கோழிச் சுவை’. இதற்குச் சதவீதமே கிடையாது. இருப்பது தெரிந்தால் போதும். எனவே இது எட்டாம் வேற்றுமை, அதாவது விளி. கோழியைக் கூப்பிடுகிறார்கள், அது வரவில்லை. சுவை தெரிகிறதா என்று சோதிக்க, குறிப்பிட்ட சுவைக்குப் பழக்கிய விலங்குகளைப் பயன்படுத்தும் முறை உண்டு. பல்கலைக்கழகத்தில் இதற்கு வாய்மொழித் தேர்வு என்று பெயர். புறத்தேர்வாளர் என்ன ருசிக்குப் பழக்கப்பட்டவர் என்று நெறியாளர் முன்கூட்டியே விசாரித்துவைத்திருப்பார்.

இப்போது சிக்கலுக்கு வருவோம். தொல்காப்பியச் சொல்லதிகாரத்தின்படி ‘ஒடு’ உருபு உயர்ந்ததன் பெயரோடுதான் ஒட்டும். ஆசிரியரோடு மாணவர் வந்தார் என்றால் ஆசிரியர் உயர்ந்தவர். (இந்த எடுத்துக்காட்டை எழுதியவர் ஆசிரியர்.) அப்படியானால் ‘கோழியோடு சோளம்’ என்ற மூட்டையில் 3 சதவீதக் கோழி உயர்ந்தது, மீதி மூட்டையை நிரப்பிய சோளம் உடன்வந்த பரிவாரம். கல்யாணத்தில் மாப்பிள்ளை ஒருவர்தானே என்றால் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் எங்கள் அடுக்ககத்தில் இந்த விதி ஒரு கலகத்தையே உண்டாக்கியது. தினமும் காலை லிஃப்டில் நாயோடு ஒரு மாமா வருகிறார். ‘நாயோடு மாமா வந்தார்’ என்று நான் பதிவேட்டில் குறித்ததை அவர் பார்த்துவிட்டார். விதிப்படி நாய்தான் உயர்ந்தது என்று விளக்கினேன். ‘மாமாவோடு நாய் வந்தது’ என்று திருத்தச் சொன்னார். கழுத்துக் கயிற்றில் யார் யாரை இழுத்து வந்தார் என்பதை வைத்தே உயர்வு முடிவாகும் என்றேன் (காண்க: அடுக்ககச் சங்கக் கூட்டக் குறிப்பேடு, நீலமைப் பகுதி, இடது ஓரம், காப்பிக் கறைக்கு நேர் கீழே, கறையை இடைச்செருகல் என்பார் செயலாளர், மூலபாடத்தைச் சேர்ந்ததே என்பார் பொருளாளர், தாம் சிந்தியதுதான் என்று ஒப்புக்கொண்ட வாட்ச்மேனை இரு தரப்பும் ஏற்கவில்லை).

இவ்வளவு இலக்கணமும் யாருக்கு என்ற கேள்வி எழும். மூட்டையை வாசிப்பவர் தின்பதில்லை, தின்பவர் வாசிப்பதில்லை. ஓநாய் மலை உச்சியில் நிலாவைப் பார்க்கும் படம் மணிக்காக அச்சிட்டதன்று. மணி இதுவரை அதை ஒருமுறைதான் பார்த்தது, குரைத்தது. உற்பத்தி ஒருவருக்கு, மயக்கம் இன்னொருவருக்கு என்ற இந்தச் சந்தையமைப்பு மிக அரிதானது. எனக்குத் தெரிந்து இன்னொரு இடத்தில்தான் இருக்கிறது: பக்கத்துக்கு இவ்வளவு என்று கட்டணம் வாங்கி வெளியிடும் ஆய்விதழ்கள். அங்கே எழுதியவரே பணம் கட்டுகிறார், தின்பது கரையான்.

தானியமிலாக் கொள்கை

ஓநாய் சோறு தின்னாது, நாய் ஓநாயின் வழித்தோன்றல், ஆகவே நாய்க்குச் சோறு ஆகாது என்பது ‘கிரெய்ன் ஃப்ரீ’ மூட்டையின் தருக்கம். அரிசியை எடுத்துவிட்டுப் பட்டாணியும் மைசூர்ப் பருப்பும் சேர்ப்பார்கள். சாதத்தை நீக்கிப் பருப்பை மட்டும் கொடுத்தால் நம் வீட்டில் அதற்குச் சண்டை என்று பெயர், அங்கே பிரீமியம். 2018-இல் அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம், பருப்பு மிகுந்த இத்தகைய உணவுக்கும் நாய்களின் இதயவீக்க நோய்க்கும் தொடர்பு உண்டா என்று ஆராயத் தொடங்கியது. காரணம் இதுதான் என்று உறுதிசெய்யப் போதிய சான்று கிடைக்கவில்லை. இதற்கு முன்பே, 2013-இல் நேச்சர் இதழில் வந்த ஒரு ஸ்வீடன் ஆய்வு, மாவுச்சத்தைச் செரிக்கும் மரபணு ஓநாயைவிட நாய்க்குப் பல நகல்கள் கூடுதல் என்று காட்டியிருந்தது. மனிதனோடு (கவனிக்க: ஒடு) இருந்து சோறு தின்றே நாய் நாயாகியிருக்கிறது.

பூனையியல்

பூனைக்கு இனிப்பு தெரியாது. அதற்கான மரபணு பழுது என்று பிலடெல்பியாவின் மோனெல் ஆய்வு நிலையத்தார் 2005-இல் நிறுவினர். மாமி தம் வீட்டுப் பூனை கல்கண்டைத் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை என்று அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே சொல்லிவிட்டார் (மாமி, மேலது, கதவை ஒருக்களித்துக்கொண்டு). அவரை யாரும் மேற்கோள் காட்டவில்லை. காட்டிவிட்டேன்.

களஆய்வு

நாயுணவு நிறுவனங்கள் ருசியைச் சோதிக்கும் முறை எளிது. இரண்டு கிண்ணம் வைப்பார்கள். எதை முதலில் தொடுகிறது, எதில் எவ்வளவு தின்கிறது என்று அளப்பார்கள். மறுநாள் இடம் மாற்றி வைப்பார்கள். நானும் வைத்தேன். வலப்பக்கம், கிலோ பொன்னி அரிசியைவிடப் பத்து மடங்குக்கு மேல் விலையுள்ள ‘சால்மனுடன்’. இடப்பக்கம், தாளிக்காத தயிர்சாதம்.

முதல் நாள் மணி வலப்பக்கம் தின்றது. பிறகு இடப்பக்கம் தின்றது. பிறகு பதிவேட்டின் மூலையைத் தின்றது. இரண்டாம் நாள் கிண்ணங்களை மாற்றினேன். தட்டு கழுவிக்கொண்டிருந்த என் மனைவிக்கு எது பக்கமோ அதிலிருந்து தொடங்கியது. மூன்றாம் நாள் காக்கை வந்து சால்மனை எடுத்துக்கொண்டு போனது. பூனை எதையும் தொடவில்லை. மூட்டை வந்த அட்டைப்பெட்டியில் படுத்துக்கொண்டது. பெட்டிக்குத் தனி விலை போடாதது நிறுவனத்தாரின் பெருந்தன்மை.

மனிதரை வைத்தும் சோதிப்பது மரபு. 2009-இல் அமெரிக்க ஒயின் பொருளியலாளர் சங்கத்தின் ஆய்வுத்தாளாக வந்த ஒன்றில், நாயுணவை மிக்சியில் அரைத்து, நான்கு வகை இறைச்சி விழுதுகளோடு சேர்த்து 18 பேருக்குக் கொடுத்தார்கள். நாயுணவு எது என்று சரியாகச் சொன்னவர்கள் மூன்றே பேர். ஆனால் பெரும்பாலோர் அதைத்தான் படுமோசம் என்றும் சொன்னார்கள். இது என் கற்பனை என்று நினைப்பவர்களுக்கு: கற்பனை இவ்வளவு தூரம் போகாது. ஒயினுக்கும் நாய்க்கும் பொருளியலுக்கும் தொடர்பு காட்டியவர்களை வணங்கிவிட்டு, நானும் ஒரு துண்டு ‘சால்மனுடன்’ வாயில் போட்டேன். மீன்கூடையில் ஒரு வாரம் இருந்த முறுக்கு. பார்த்துக்கொண்டிருந்த மகள் "அப்பா!" என்று ஒரே சொல்லில் மதிப்பீடு வழங்கினாள். மணி என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது. தன் கிண்ணத்தில் கிடந்தது அதற்கு அப்போதுதான் ருசியாகத் தோன்றியிருக்க வேண்டும். ஓடிப்போய் மிச்சத்தை முடித்தது.

முடிவுரை

பக்க வரம்பு கருதி விடப்பட்டது.

நன்றியுரை

இப்பகுதியை எழுத என்னைவிடத் தகுதியுள்ளவர் மணியே என்பதால் அதனிடம் விட்டேன். வாலால் தொடங்கி, பாதியில் தூங்கிவிட்டது. பூனை கையெழுத்திட மறுத்துவிட்டது.