முகம் கழுவ ஒரு லேப் ரிப்போர்ட்

ஆம்பூர்க்காரனிடம் இரண்டு விஷயங்களில் மட்டும் அபிப்பிராயம் கேட்கக் கூடாது. ஒன்று பிரியாணி. சீரக சம்பாவில் ஆரம்பித்து, தொட்டுக்கொள்ளக் கத்திரிக்காய் வைக்காத கடைகளையெல்லாம் வைது முடிப்பதற்குள் கேட்டவரின் பஸ் போய்விடும். இன்னொன்று தோல். இதில் நான் சராசரி ஆம்பூர்க்காரனைவிட ஆபத்தானவன், எனக்கு டேனரி லேபில் உத்தியோகம். கல்யாண மண்டபத்துக்குப் போனால் பெண், மாப்பிள்ளையைப் பார்ப்பதற்கு முன்னால் வாசலில் கிடக்கும் செருப்புகளில் எது அசல் தோல், எது ரெக்ஸின் என்று பார்த்துவிட்டுத்தான் உள்ளே நுழைவேன்.

அப்படிப்பட்டவனின் மனைவி முழுகாமல் இருந்து, மூன்றாம் மாதம் அவள் முகத்தில் பருவும் கிளம்பினால் அவன் என்ன நினைப்பான்? தன் இலாகாவுக்கு ஃபைல் வந்துவிட்டது என்றுதான் நினைப்பான்.

கர்ப்பகாலத்தில் ஹார்மோன் மாறுவதால் முகத்தில் எண்ணெய் அதிகம் சுரக்கும், பரு வரும், சிலருக்குக் கன்னத்திலும் நெற்றியிலும் மங்கு விழும். இதெல்லாம் அவளுக்குத் தெரியும், செக்கப்பில் நர்ஸ் சொல்லியிருந்தார். எனக்குத் தெரியாது. அதனால் எனக்குத்தான் உற்சாகம் அதிகம்.

என் வேலை என்னவென்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நான் செய்த அட்டகாசம் புரியாது. ஐரோப்பாவுக்குப் போகும் தோலில் எந்த ரசாயனம் எவ்வளவு இருக்கலாம் என்று ஒரு தடைப்பட்டியல் உண்டு. ஜெர்மனி 1989-இல் பென்டாகுளோரோஃபீனாலைத் தடை செய்தபோது, பூஞ்சை பிடிக்காமலிருக்க அதைத் தடவிக்கொண்டிருந்த நம் டேனரிகள் ஆடிப்போயின. பிறகு அசோ சாயங்கள். 2015 மே 1 முதல், ஒரு கிலோ தோலில் ஆறாம் நிலைக் குரோமியம் 3 மில்லிகிராமுக்கு மேல் இருந்தால் ஐரோப்பாவில் அந்தச் சரக்கை விற்க முடியாது. குழந்தைகள் ஷூவுக்கான தோல் என்றால் வாங்குகிற கம்பெனிகளின் கெடுபிடி இன்னும் ஒரு படி மேலே. ஆக, ஹாம்பர்க்கிலோ மிலானிலோ பிறக்கப்போகும் ஒரு குழந்தையின் பிஞ்சுக்காலுக்காகப் பல வருடமாகக் கண்ணில் விளக்கெண்ணெய் ஊற்றிக்கொண்டு உட்கார்ந்திருப்பவன் நான். சொந்தக் குழந்தைக்காக ஒரு பாத்ரூம் அலமாரியைச் சோதிக்கக் கூடாதா?

சோதித்தேன். ஃபேஸ்வாஷ், சோப்பு, மாய்ஸ்சரைசர், பாதி தீர்ந்த டியூப்கள் எல்லாவற்றையும் சாப்பாட்டு மேஜையில் வரிசையாக நிறுத்தி, ஒவ்வொன்றுக்கும் சாம்பிள் நம்பர் ஒட்டினேன். ஃபேஸ்வாஷின் பின்பக்க எழுத்து எறும்புக்காக அச்சடித்தது போலிருந்தது. செல்போனில் படம் எடுத்துப் பெரிதாக்கிப் படித்தேன். சோடியம் லாரத் சல்ஃபேட்! அந்தக் குடும்பத்தில் எனக்கு நல்ல பழக்கம். பச்சைத்தோலை ஊறப்போடும் டிரம்மில் ரத்தமும் கொழுப்பும் கழல்வதற்காக இதன் சொந்தக்காரர்களைத்தான் ஊற்றுகிறோம். அடுத்தது கோகமிடோப்ரோபைல் பீட்டேன். பெயரைக் கேட்டாலே குலைநடுங்கும், பூர்வீகமோ தேங்காயெண்ணெய். அதற்கடுத்தது சாலிசிலிக் ஆசிட். 'ஆசிட்' என்று பார்த்ததும் சிவப்பு மையால் வட்டம் போட்டேன்.

"என்னங்க, மூஞ்சி கழுவணும், அதைக் குடுக்கறீங்களா?" என்றாள்.

"ரிப்போர்ட் வரட்டும்" என்றேன்.

அன்று அவள் வெறும் தண்ணீரில் கழுவிக்கொண்டாள். எங்கள் போர் தண்ணீரை வெறும் தண்ணீர் என்பது மரியாதைக்காகத்தான். அதிலுள்ள உப்புக்குச் சோப்பு நுரைக்காமல் தயிராகத் திரியும். காவிரித் தண்ணீர் வரும் நாளில் மட்டும் எங்கள் வீட்டில் எல்லார் முகமும் ஒரு சுற்று வெளுப்பாகத் தெரியும்.

லேபிலிருந்து பிஹெச் பேப்பரும் கொண்டுவந்தேன். மனிதத் தோல் இயல்பில் சற்றே அமிலம், 5-ஐ ஒட்டி இருக்கும். குளியல் சோப்பு 9, 10 காட்டும். ஆட்டுத்தோலில் முடி கழல்வதற்காக நாங்கள் போடும் சுண்ணாம்புத் தொட்டி 12. இந்த மூன்று எண்களையும் மனைவியிடம் விளக்கி, "பார், நீ போடற சோப்புக்கும் சுண்ணாம்புத் தொட்டிக்கும் நடுவில் ரெண்டே படிதான்" என்றேன். பிஹெச் கணக்கில் ஒவ்வொரு படியும் பத்து மடங்கு என்பதைச் சொல்லாமல் விட்டேன். ஷூ கம்பெனியில் தையல் லைனுக்குச் சூப்பர்வைசராக இருப்பவள், நானூறு ஜோடியில் ஒரு தையல் பிசகினாலும் கண்டுபிடிப்பவள். என் முகத்தைப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "நல்லவேளை, கல்யாணத்துக்கு முன்னாடி என்னை ட்ரம்முல போட்டுப் பாக்கல."

சட்டத்தைக் கையில் எடுத்தேன். சும்மா வாய்ச்சவடால் இல்லை, நிஜச் சட்டம். வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்ட் 28-ஆம் தேதி தீர்ப்புச் சொன்னது, எழுதியவர் நீதிபதி குல்தீப் சிங். பாலாற்றில் கழிவை விட்ட டேனரிகளைப் பற்றிய வழக்கு அது. குரோம் பதனிடலில் சுமார் 170 வகை ரசாயனங்கள் பயன்படுகின்றன, தோல் பதனிடும் இந்த வட்டாரத்தில் ஏறக்குறைய 35,000 ஹெக்டேர் விளைநிலம் பாதியாகவோ முழுதாகவோ பாழாகிவிட்டது என்றெல்லாம் அதில் வருகிறது. டேனரி ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் அபராதம். அதைவிடப் பெரியது அந்தத் தீர்ப்பு வலியுறுத்திய இரண்டு நெறிகள். கெடுத்தவனே செலவை ஏற்க வேண்டும் என்பது ஒன்று. கெடுதல் வரலாம் என்ற நிலையில், முழு நிரூபணம் வரட்டும் என்று காத்திராமல் முன்னெச்சரிக்கை எடுக்க வேண்டும், கெடுதல் இல்லை என்று காட்டுவது தொழில் நடத்துகிறவனின் பொறுப்பு என்பது மற்றொன்று. இன்று இந்தியா முழுக்கச் சுற்றுச்சூழல் வழக்குகளில் வக்கீல்கள் மேற்கோள் காட்டும் தீர்ப்பு. எங்கள் ஊர்ப் பக்கத்துச் சாக்கடை நாட்டுக்குக் கொடுத்த கொடை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

"ஆகவே, இந்த ஃபேஸ்வாஷ் நிரபராதி என்று அதுதான் நிரூபிக்கணும்" என்று முடித்தேன்.

"அந்தத் தீர்ப்பு டேனரிக்காரங்களுக்கு எதிரா வந்ததுதானே? என் மூஞ்சிக்கு எதிராவா வந்துச்சு?" என்றாள்.

இதற்குள் பேரணாம்பட்டிலிருந்து அம்மா வந்து இறங்கிவிட்டார். பையில் கடலைமாவு, பயத்தமாவு, கஸ்தூரி மஞ்சள், ஆவாரம்பூப் பொடி. ஸ்கேன் எடுப்பவர்கள் ஆணா பெண்ணா என்று சொல்லக் கூடாது என 1994-இல் சட்டம் போட்டார்கள். அம்மாவுக்கு அது செல்லாது. மருமகளின் முகத்தை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்துவிட்டு, மங்கு விழுந்திருப்பதால் பையன்தான் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டு மாவைக் குழைக்க உட்கார்ந்தார்.

ஆவாரம்பூ எனக்கும் உறவுதான். குரோமியம் வருவதற்கு முன்னால் நம் பக்கத்துத் தோலெல்லாம் ஆவாரம்பட்டையிலும் கடுக்காயிலும் ஊறித்தான் பதமானது. பட்டை ஆட்டுத்தோலுக்கு, பூ வீட்டுப் பெண்களுக்கு. இந்தப் பங்கீட்டை எந்தக் காலத்தில் யார் செய்தார்களோ, இதுவரை வழக்கு ஏதும் இல்லை. நான் மடக்கியது மஞ்சளில். சில்லறையில் விற்கும் மஞ்சள்தூளில் நிறம் தூக்கலாகத் தெரிவதற்காக லெட் குரோமேட்டைக் கலக்கிற அக்கிரமம் நடப்பதுண்டு. பங்களாதேஷில் அப்படிக் கலந்ததை 2019-இல் ஆய்வாளர்கள் அம்பலப்படுத்தினார்கள். ஈயம் கர்ப்பிணிக்கு ஆகவே ஆகாது, வயிற்றுப் பிள்ளையின் மூளை வளர்ச்சியில் கைவைக்கும். குரோமேட் என்றால் என்னவென்று எங்கள் பக்கத்துக்காரனுக்குப் பாடம் எடுக்க வேண்டாம். ராணிப்பேட்டையில் மூடிக்கிடக்கும் குரோமேட் ஆலையின் கழிவு மலை போதும்.

"நீ வயித்துல இருந்தப்போ நான் எதைப் பூசினேன்னு நெனைக்கிற?" என்றார் அம்மா.

"அதான் இப்படி இருக்கார் போல, அத்தை" என்றாள் என் மனைவி. அம்மா சிரித்த சிரிப்பில் கடலைமாவு பறந்தது. மாமியாரும் மருமகளும் ஒற்றுமையாக இருப்பது குடும்பத்துக்கு நல்லது என்கிறார்கள். எனக்கு நல்லதாகப் படவில்லை. ஆனாலும் மறுநாளே அம்மா கொண்டுவந்த தூளை ஓரம் கட்டிவிட்டு விரலி மஞ்சள் வாங்கிக் காயவைத்து அரைத்தார். நான் சொன்னதற்காக இல்லையாம், பழைய தூளில் வாசனை போய்விட்டதாம்.

பக்கத்து வீட்டு பாஜி (உருதுவில் அக்கா) முல்தானி மிட்டி கொடுத்தனுப்பினார். அதில் வேறு சிக்கல். கர்ப்பத்தில் சிலருக்கு மண், சாம்பல் தின்ன ஆசை வருமே, அது இவளுக்கும் இருந்தது. கிண்ணத்தில் குழைத்த மண்ணை அவள் பார்த்த பார்வை பூசிக்கொள்கிறவளின் பார்வையாக இல்லை. கிண்ணத்தை உயரத்தில் வைத்தேன்.

கடைசியாக மேஜைக்கு வந்தது ஒரு சின்ன டப்பா. தூரத்து உறவு ஒருத்தி வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்த சிவப்பழகு க்ரீம். 'மங்கெல்லாம் ஒரு வாரத்தில் ஓடிவிடும்' என்று வாக்குறுதி வேறு. மூடியில் ஒரு பெண் படம், ஏதோ மொழியில் நாலு வார்த்தை. தயாரித்தவன் பெயர் இல்லை, உள்ளே என்ன இருக்கிறது என்ற பட்டியலும் இல்லை. சிவப்பு மையை எடுத்தேன், வட்டம் போட ஒன்றும் கிடைக்கவில்லை. ஆகவே 'ஆட்சேபணை இல்லை' பக்கத்தில் நகர்த்தி வைத்தேன்.

என் மனைவி அதை எடுத்து நேராகக் குப்பைத்தொட்டியில் போட்டாள்.

"உள்ள என்ன இருக்குன்னு சொன்னவனையெல்லாம் குத்தவாளி ஆக்கிட்டீங்க. எதையுமே சொல்லாதவன் பாஸா?"

இப்படிப்பட்ட டப்பாக்களில் பாதரசம் இருக்கலாம். நம் அழகுசாதன விதிகள் முகத்தில் பூசும் க்ரீமில் தற்செயலாகச் சேரும் பாதரசத்துக்கு வைத்திருக்கும் எல்லை பத்து லட்சத்தில் 1 பங்கு. வெளுக்க வைக்கும் கள்ள க்ரீம்களில் அதைப்போல ஆயிரக்கணக்கான மடங்கு பிடிபட்டிருக்கிறது. 2023-இல் கேரளத்து மலப்புறம் பக்கம் சிறுநீரகக் கோளாறோடு வந்தவர்களில் பலர் இத்தகைய க்ரீம் பூசியவர்கள் என்று மருத்துவர்கள் கண்டார்கள். தாயின் ரத்தத்தில் ஏறும் பாதரசம் நஞ்சுக்கொடி வழியாகப் பிள்ளைக்கும் போகும். மெடிக்கலில் சீட்டில்லாமல் வாங்கும் ஸ்டீராய்டு டியூபும் இந்த வகையறாவின் பங்காளிதான்.

அடுத்த செக்கப்புக்கு என் அறிக்கையை எக்ஸெல்லில் போட்டு, பிரின்ட் எடுத்து, கிளிப் மாட்டிக் கொண்டுபோனேன். டாக்டரம்மா அதை எடை பார்ப்பது போலக் கையில் வைத்துப் பார்த்துவிட்டு மேஜை ஓரத்தில் வைத்தார். பிறகு என் மனைவியிடம் பேசினார். ரெட்டினால், அடாபலீன், ட்ரெட்டினாயின் என்று பெயர் போட்ட க்ரீம் எதுவும் வேண்டாம். பருவுக்குத் தரும் ஐசோட்ரெட்டினாயின் மாத்திரை பக்கமே போகக் கூடாது, பிள்ளைக்கு ஊனம் வரும். ஹைட்ரோகுயினோன் வேண்டாம், பூசியதில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் உடம்புக்குள் போய்விடும். ஃபேஸ்வாஷ் அரை நிமிஷம் முகத்தில் இருந்துவிட்டுத் தண்ணீரோடு போகிறது. அதில் சாலிசிலிக் ஆசிட் 2 சதவீதம் வரை இருந்தால் பயமில்லை, பார்லரில் போடும் ஆசிட் பீல்தான் கூடாது. பரு தொல்லை கொடுத்தால் அசலாயிக் ஆசிட் க்ரீம் எழுதித் தருகிறேன். மங்குக்கு வெயிலில் முகத்தைக் காட்டாதே, ஜிங்க் ஆக்சைடு சன்ஸ்கிரீன் போடு, பிரசவத்துக்கு அப்புறம் பெரும்பாலும் தானே மங்கும். வேலூர் வெயிலில் முகத்தைக் காட்டாதே என்பதுதான் இதில் நடக்காத காரியம்.

"வாந்தி எப்படி இருக்கு?"

"காலையில இல்ல டாக்டர். சாயங்காலம் ஆறரை மணிக்குத்தான் வருது."

நான் உடனே எழுந்து, அது ஃபேஸ்வாஷின் வாசனைத் திரவியத்தால் என்று என் அறிக்கையின் கடைசிப் பக்கத்தைக் காட்டினேன்.

"நீங்க வேலையிலிருந்து எத்தனை மணிக்கு வீட்டுக்கு வர்றீங்க?" என்றார்.

"ஆறரை."

"எங்க வேலை?"

சொன்னேன்.

டாக்டரம்மா மேற்கொண்டு இரண்டு கேள்விதான் கேட்டார். வீட்டுக்கு வந்து குளிப்பீர்களா, வருவதற்கு முன்னால் குளிப்பீர்களா? அந்தச் சட்டையை யார் துவைக்கிறார்கள்? இரண்டுக்கும் என் மனைவிதான் பதில் சொன்னாள், ரொம்பச் சந்தோஷமாக.

இப்போது எட்டாம் மாதம், வளைகாப்பு முடிந்தாயிற்று. கல்லூரி நாளிலிருந்து போட்டுவந்த அதே ஃபேஸ்வாஷைத்தான் இன்றும் போடுகிறாள். வாசனை மட்டும் இல்லாத ரகமாக மாற்றிக்கொண்டாள். நான் கம்பெனிக் குழாயடியிலேயே குளித்து, மாற்றுச் சட்டை போட்டுக்கொண்டு கிளம்புகிறேன். வேலைத்துணிக்குத் தனி பக்கெட், துவைப்பது நானேதான். ஆறரை மணி வாந்தி நின்றுவிட்டது.

டேனரி, சாயப்பட்டறை, பேட்டரி ஷெட், பூச்சிமருந்துக் கடை என்று எங்கே வேலை பார்த்தாலும் சரி, முழுகாமல் இருக்கும் மனைவி உள்ள கணவன்மார்களுக்கு ஒரு விண்ணப்பம். ஃபேஸ்வாஷை மனைவியிடமும் டாக்டரிடமும் விட்டுவிடுங்கள். பெயர், விலாசம் இல்லாத டப்பா வீட்டில் இருந்தால் தூக்கிப் போடுங்கள். பிறகு, வாடையும் ரசாயனமும் உங்களோடு கூட வராமலிருக்க, வேலையிடத்திலேயே குளித்து உடுப்பு மாற்றிக்கொண்டு வீட்டுக்கு வாருங்கள்.