டிகிரிப் பணத்தின் வகையும் விரியும்

டிகிரி கைக்கு வருவது வேறு, பணம் கைக்கு வருவது வேறு. இந்தியாவில் வழக்காடுகிறவனுக்குத் தொல்லை தொடங்குவதே டிகிரி வாங்கிய பிறகுதான் என்று 1872-லேயே லண்டன் பிரிவி கவுன்சில் கண்டு சொல்லிவிட்டது. 2025-ல் உச்ச நீதிமன்றம் கணக்கெடுக்கச் சொன்னபோது நாடு முழுக்க 8.8 லட்சத்துக்கு மேல் நிறைவேற்று மனுக்கள் தேங்கிக் கிடந்தன. நம் மாநிலத்தின் பங்கு 86 ஆயிரத்துக்கு மேல். இவ்வளவு பெருகிய ஓர் இனத்துக்கு இன்னும் இலக்கணம் இல்லை என்பது தமிழுக்கு இழுக்கு. ஆகவே திண்டுக்கல் கோர்ட்டை ஒட்டிய டீக்கடை பெஞ்சில் இச்சிறுநூல் இயற்றப்படுகிறது. முதல்நூல், 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம்.

முதலாவது, பொருளியல். கடனாளியின் பொருள் தொடத்தக்கது, தொடத்தகாதது என இருபாற்படும். உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, உழவனின் ஏரும் மாடும் விதையும், தொழிலாளியின் கருவி ஆகியவை பிரிவு 60-இன் நிழலில் பத்திரம். நாகல்நகரில் ஒரு பூட்டுப் பட்டறைக்குள் ஜப்தி செய்யக் கோர்ட் அமீனா நுழைவதாகக் கொள்க. வைஸும் அரமும் இருந்த இடத்திலேயே இருக்கும். செய்து முடித்து அட்டைப்பெட்டியில் அடுக்கிய மாங்காய்ப் பூட்டுகள் ஜப்தியாகும். லீவர் மாட்டாமல் பாதியில் கிடப்பது பூட்டா, தகரமா? இங்கே உரைகாரர் கருத்து வேறுபடுவர். வீட்டின் வெளிக்கதவையோ, கடனாளியே குடியிருந்து வழிவிட மறுத்தாலொழிய உடைக்கலாகாது. பொழுது சாய்ந்த பின் நுழையவும் கூடாது. 2019-ல் பூட்டுக்குப் புவிசார் குறியீடு வாங்கிய ஊரில் இது வேண்டாத சலுகை என்று அமீனாக்கள் நினைக்கக்கூடும்.

இரண்டாவது, ஆளியல். கடனாளி இருவகை: இல்லாதவர், இருந்தும் இல்லையென்பவர். பணவசூலுக்காகச் சிறைக்கு அனுப்பலாம், அதிகபட்சம் மூன்று மாதம். ஆனால் இல்லாமையே குற்றமாகாது, இருந்தும் கொடுக்காத கெட்ட எண்ணம் தெரியவேண்டும் என்று 1980-ல் நீதிபதி கிருஷ்ணய்யர் இந்தப் பாகுபாட்டுக்கு முத்திரை வைத்தார். பெண்களைப் பணடிகிரிக்காகக் கைது செய்யவே முடியாது. பட்டா எல்லாம் யார் பேரில் இருக்கிறது என்று வேடசந்தூர்ப் பக்கம் விசாரித்துப் பார்த்தவர்கள் இதற்கு மேல் விளக்கம் கேட்கமாட்டார்கள்.

மூன்றாவது, பணவியல். நூலின் உயிர் இதில்தான் இருக்கிறது. கொடுத்த பணம் நான்கு வகை: கோர்ட்டில் கட்டியது, மணியார்டரிலோ வங்கியிலோ போனது, எழுதி வாங்கிக்கொண்டு கைக்குக் கை கொடுத்தது, எழுதாமல் கைக்குக் கை கொடுத்தது. முதல் மூன்றும் பணம். நான்காவது கட்டளை 21 விதி 2-இன் கண்ணுக்குப் பணமே அல்ல. சான்றாகாத, பதிவாகாத பட்டுவாடாவை நிறைவேற்றும் கோர்ட் ஏற்கவே கூடாது என்பது விதி.

இந்த நான்காவதன் உட்பிரிவுகள் எண்ணில. மைத்துனர் மூலம் கொடுத்தது, மாரியம்மன் கோயில் வாசலில் சத்தியம் வாங்கிக்கொண்டு கொடுத்தது, ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் முருங்கைக்காய் லோடாகக் கழித்துக்கொண்டது, பிரியாணிக் கடையில் இலை எடுப்பதற்குள் பேசி முடித்தது. எல்லாவற்றுக்கும் பொதுவான உரையாடல் ஒன்றுதான்.

“அண்ணே, முழுசும் தீர்ந்துச்சுல்ல?”

“தீர்ந்துச்சுப்பா. வக்கீல்கிட்ட நான் சொல்லிக்கிறேன்.”

திண்டுக்கல் தாலுகாவிலேயே விலை கூடின வாக்கியம் இந்த இரண்டாவதுதான். கோர்ட்டில் சொல்லவேண்டிய கடமை டிகிரிதாரருக்கு. ஆனால் கெடு அவருக்கு இல்லை. பதிவு செய்யச் சொல்லி மனுப்போட 30 நாள் கெடு கடனாளிக்கு மட்டும். முப்பத்தோராம் நாள் அண்ணன் ஈ.பி. என்கிற நிறைவேற்று மனு போட்டால், கடனாளி கூண்டேறி மாரியம்மனைச் சாட்சிக்கு அழைத்தும் பயனில்லை. 1976 திருத்தத்துக்குப் பின் மணியார்டர் ரசீதோ, வங்கிக் கணக்கோ, வேறு எழுத்தோ வேண்டும்; இல்லையேல் அண்ணனே ஒப்புக்கொள்ளவேண்டும். இரண்டாம் முறை வசூலானால் தனி வழக்குப் போடலாம். தீர்ந்த டிகிரியை மோசடியாக நிறைவேற்றுவது பழைய தண்டனைச் சட்டம் 210-இன்படி இரண்டாண்டு வரை சிறைக்குரிய குற்றமும்கூட. ஆனால் இரண்டிலும், எழுதாமல் கொடுத்ததை மறுபடி நிரூபிக்கும் வேலை காத்திருக்கும்.

ஜிபே எந்த வகை என்று இளைய வக்கீல்கள் கேட்கிறார்கள். வங்கி வழி போனதால் இரண்டாம் வகை என்க. ஆனால் பணம் போனதை மட்டுமே அது காட்டும், எதற்குப் போனது என்பதைக் காட்டாது. வழக்கு எண், இருதரப்பார் பெயர், அசலா வட்டியா செலவுத்தொகையா என்பதெல்லாம் தெரிவிக்கச் சொல்கிறது விதி 1. கடனாளிகள் அந்தக் கட்டத்தில் எழுதுவது ‘ஓகே அண்ணே’. அண்ணன் அதைத் தங்கை கல்யாண மொய் என்பார். ஒழுங்காக எழுதி அனுப்பினால் இன்னொரு லாபமும் உண்டு: கொடுத்த தொகைக்கு அன்றோடு வட்டி நிற்கும்.

புறனடை ஒன்று, டிகிரிதாரருக்கு. புரோநோட்டில் கொஞ்சம் வரவு வைத்துக் கடனாளியின் கையெழுத்தை வாங்கினால் மூன்றாண்டுக் கெடு புதிதாகத் தொடங்கும். அந்தப் பழக்கத்தில் டிகிரிக்கும் தைக்குத் தை ஐந்நூறு வாங்கிக்கொண்டு சும்மா இருப்பவர்கள் இந்தப் பக்கம் உண்டு. காலவரைச் சட்டத்தின் பிரிவு 19, டிகிரிப் பணத்தைக் கடன் என்ற சொல்லிலிருந்தே விலக்கிவிட்டது. டிகிரியை நிறைவேற்றக் கெடு பன்னிரண்டாண்டு என்றால் பன்னிரண்டாண்டுதான். அது கடந்த டிகிரி மேற்சொன்ன எந்த வகையிலும் அடங்காது. கண்ணாடி போட்டுத் திண்ணையில் மாட்டலாம்.