ஐந்தாம் தேதிக்காரர்

சம்பளம் வாங்குகிற எல்லோருக்கும் 1-ஆம் தேதிதான் நல்ல நாள். இவருக்கு அது வெறும் முன்னோட்டம். 5-ஆம் தேதி விடிகாலையில் போன் ஒருமுறை சிணுங்கும். ‘உங்கள் கணக்கிலிருந்து ரூ.43,391 எடுக்கப்பட்டது’ என்று வங்கி செய்தி அனுப்பியிருக்கும். அதைப் பார்த்த பிறகுதான் இவருக்குக் காபி தொண்டையில் இறங்கும். அதற்கு முந்தைய நாலு நாளும் வீட்டில் யாரும் செலவுப் பேச்சு எடுக்கக் கூடாது. மிக்ஸி பழுதாவதாக இருந்தால்கூட 6-ஆம் தேதிக்கு மேல்தான் பழுதாக வேண்டும்.

தாம்பரம் தாண்டினால் இவரைத் தெருவுக்கு நாலு பேராகப் பார்க்கலாம். பெருங்களத்தூர், ஊரப்பாக்கம், கூடுவாஞ்சேரி என்று செங்கல்பட்டு வண்டி நிற்கிற ஸ்டேஷனிலெல்லாம் இறங்குகிறார், ஏறுகிறார். பேச்சுக் கொடுத்த இரண்டாவது நிமிஷம் சதுர அடி வந்துவிடும். “கிளாம்பாக்கம் பஸ் ஸ்டாண்டு வந்ததும் எங்க ஏரியா எங்கேயோ போயிடுச்சு சார்” என்பார். மூன்றாவது நிமிஷம், “நீங்க வாடகையா?” என்று கேட்பார். ஆமாம் என்று சொல்லிவிட்டீர்களோ, தொலைந்தீர்கள். நீங்கள் இறங்க வேண்டிய ஸ்டேஷன் போய்விடும்.

“வாடகைங்கிறது தண்டம் தம்பி. மாசா மாசம் இருபதாயிரம் எவனோ ஒருத்தன் பையில போய் விழுது. அதோட இன்னும் கொஞ்சம் போட்டா இ.எம்.ஐ. நாளைக்கு வீடு நம்ம பேர்ல நிக்கும்.”

அந்த ‘இன்னும் கொஞ்சம்’ 23,391 ரூபாய். அதை அவர் சொல்ல மாட்டார்.

ஏமாளி என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். பேரத்தில் புலி. ஆட்டோவுக்குப் பத்து ரூபாய் குறையாவிட்டால் இரண்டு கிலோமீட்டர் நடப்பார். கீரைக்கட்டு வாங்கினால் கொத்தமல்லி கொசுறு வராமல் நகர மாட்டார். ஃபிரிட்ஜ் வாங்க தி.நகரில் மூன்று கடை ஏறி இறங்கி, நாலாவதாக முதல் கடைக்கே திரும்பி வந்தவர். ஆனால் 62 லட்சம் ரூபாய் ஃபிளாட்டை ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் முடித்துவிட்டார். மாடல் ஃபிளாட்டில் ஏ.சி. ஓடியது, மஞ்சள் விளக்கு எரிந்தது, அறை பெரிதாகத் தெரிவதற்காகக் குழந்தைக் கட்டில் போட்டிருந்தார்கள். அங்கேயும் பேரம் பேசாமல் விட்டாரா என்றால் இல்லை. அரைமணி நேரம் மல்லுக்கட்டி, கார் பார்க்கிங்கில் 50,000 ரூபாய் குறைத்துக்கொண்டுதான் வந்தார். அவரிடம் கார் கிடையாது.

கடனுக்கு இவர் வங்கிக்குப் போகவில்லை. வங்கியே வீட்டுக்கு வந்தது. கழுத்தில் அடையாள அட்டை தொங்க ஒரு பையன் வந்து உட்கார்ந்து, “சார், உங்க சிபில் ஸ்கோர் 790. உங்களுக்குன்னா நாளைக்கே சாங்ஷன்” என்றான். பத்தாம் வகுப்பில் கணக்குப் பாடத்தில் வாங்கிய மதிப்பெண்ணை இதுவரை யாரிடமும் சொல்லாத மனிதர், 790-ஐ மச்சினனுக்குப் போன் போட்டுச் சொன்னார். 50 லட்சம், 8.5 சதவீத வட்டி, 20 வருஷம், மாதம் 43,391 என்று பேச்சு முடிந்து கையெழுத்துப் போடப் பேனாவைத் திறந்தபோதுதான் சமையலறையிலிருந்து மனைவி வந்தார். அந்த அம்மாள் பல வருஷமாகச் சீட்டு பிடிப்பவர். எத்தனையாவது மாதம் எவ்வளவு தள்ளி எடுத்தால் யாருக்கு நஷ்டம் என்று அடுப்பில் தோசை இருக்கும்போதே சொல்லக்கூடியவர்.

“மொத்தமா எவ்வளவு தம்பி திருப்பிக் கட்டணும்?”

“மாசம் 43,391தான் மேடம்.”

“மாசம் கேக்கலை. மொத்தம் கேட்டேன்.”

பையன் கால்குலேட்டரைத் தட்டினான். 1 கோடியே 4 லட்சத்துச் சொச்சம் என்று வந்தது. அதாவது வாங்கியது 50 லட்சம், அதற்கு வட்டி மட்டும் 54 லட்சம். கூடத்தில் மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. வங்கியைக் காப்பாற்ற ஆள் வேண்டியிருந்தது. நம்மவர்தான் காப்பாற்றினார்.

“அப்படியெல்லாம் கூட்டிப் பாத்தா இந்த ஊர்ல எவனும் வீடே வாங்க முடியாதும்மா!”

பையன் அவரை நன்றியோடு பார்த்தான். அந்த உற்சாகத்தில் இன்னொரு யோசனையும் சொன்னான். “30 வருஷமாப் போட்டுக்கலாம் சார். மாசம் 38,446தான். கிட்டத்தட்ட ஐயாயிரம் குறையும்.” நம்மவர் முகம் மலர்ந்தது. அம்மாள் மறுபடி, “மொத்தம்?” என்றார். 1 கோடியே 38 லட்சம். மாதம் ஐயாயிரம் குறைப்பதற்கு 34 லட்சம் கூடுதல். இந்தமுறை பையனே கால்குலேட்டரை அணைத்துப் பைக்குள் வைத்துவிட்டான். கடன் தொகையிலேயே சேர்த்துக்கொள்ளும்படி ஒரு இன்சூரன்ஸ் மட்டும் தப்பித்து உள்ளே நுழைந்தது. “கையை விட்டு எதுவும் போகாது சார்” என்றான் பையன். அது உண்மை. கையை விட்டுப் போகவில்லை. அந்த பிரீமியத்துக்கும் சேர்த்து 20 வருஷம் வட்டி போகிறது.

கிரகப்பிரவேசத்தன்று இவரைப் பார்த்திருக்க வேண்டும். ஒண்டுக்குடித்தனத்தில் வளர்ந்தவர். ராத்திரி பத்து மணிக்கு மேல் மோட்டார் போடாதே, உறவுக்காரர்கள் ரொம்ப நாள் தங்கக் கூடாது, சுவரில் ஆணி அடிக்காதே என்று மூன்று வீட்டுக்காரர்களிடம் சட்டம் கேட்டவர். பசுமாடு லிஃப்டில் ஏற மறுத்ததால் கீழேயே பூஜை முடிந்தது. புரோகிதர் கிளம்பியதும் சுத்தியலை எடுத்து ஆணி அடிக்க ஆரம்பித்தார். பதினோரு ஆணி. அதில் மூன்றில் இன்றுவரை எதுவும் மாட்டவில்லை. வயதான அப்பா மட்டும் எல்லா அறைக்கும் போய்ச் சுவரைத் தொட்டுப் பார்த்துவிட்டு, “நம்மளுதா?” என்று கேட்டார். “நம்மளுதுதாம்ப்பா” என்றார் இவர். மூலப் பத்திரம் அப்போது வங்கியின் பெட்டகத்தில் இருந்தது. கையில் இருந்தது ஜெராக்ஸ்.

முதல் வருஷம் முடிந்து வங்கியிலிருந்து கணக்கு வந்ததும் கொதித்துப்போய்க் கிளைக்கே போய்விட்டார். “வருஷம் பூரா 5 லட்சத்து 20 ஆயிரம் கட்டியிருக்கேன். அசல்ல 99,510தான் கழிஞ்சிருக்கு. கம்ப்யூட்டர் எங்கேயோ தப்புப் பண்ணுது.” அதிகாரி நிதானமாக அவருடைய ஒப்பந்தத்தையே எடுத்துப் பின்பக்கத்தில் இருந்த அட்டவணையைக் காட்டினார். முதல் மாதத் தவணை 43,391-இல் வட்டி 35,417, அசல் 7,974. வட்டி எப்போதும் மிச்சமிருக்கும் அசலுக்குத்தான். ஆரம்பத்தில் அசல் மலை மாதிரி நிற்பதால் தவணையை வட்டியே தின்றுவிடும். ஒவ்வொரு மாதமும் வட்டி கொஞ்சம் இறங்கும், அசல் கொஞ்சம் ஏறும். தவணையில் அசலின் பங்கு வட்டியை முந்த ஏறக்குறைய 12 வருஷம் ஆகும். அந்தப் பக்கத்தின் அடியில் இவருடைய கையெழுத்தும் இருந்தது. எல்லாப் பக்கத்திலும் இருந்தது. அழகான கையெழுத்து.

வாடகை தண்டம் என்று ரயிலில் பிரசங்கம் செய்பவர், முதல் மாதமே 35,417 ரூபாய் வாடகை கொடுத்திருக்கிறார். வீட்டுக்கு இல்லை, பணத்துக்கு. குழாய் ஒழுகினால் வந்து பார்க்க இந்த வீட்டுக்காரன் மாட்டான் என்பது ஒன்றுதான் வித்தியாசம்.

கடன் வாங்கிய பிறகு இவருடைய உலக அறிவு கூடிப்போனது. முன்பெல்லாம் மும்பை என்றால் கிரிக்கெட். இப்போது ரிசர்வ் வங்கியின் பணக் கொள்கைக் குழு. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை கவர்னர் டி.வி.யில் பேசினால், ஆங்கிலத்தில் பாதி புரியாவிட்டாலும் கடைசிவரை உட்கார்ந்து பார்க்கிறார். 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடனை, ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் ரெப்போ வட்டி மாதிரியான வெளி அளவுகோலோடு கட்டிப்போட்டுவிட்டதால், அங்கே ரெப்போ அசைந்தால் இங்கே ஊரப்பாக்கத்தில் அதிர்கிறது.

இந்த இனத்தில் 2021-இல் வாங்கியவர்கள் தனி ரகம். கொரோனா காலத்தில் ரெப்போ 4 சதவீதத்தில் கிடந்தது. 6.7 சதவீதத்துக்கெல்லாம் வீட்டுக் கடன் கிடைத்தது. 50 லட்சத்துக்கு மாதம் 37,870. “லாட்டரி சார்!” என்றார்கள். 2022 மே மாதம் ஆரம்பித்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போவை 6.5-க்கு ஏற்றிவிட்டது. இரண்டரை சதவீதம்தானே என்று நினைக்கலாம். ஒரு வருஷம் கட்டி முடித்த நிலையில் வட்டி 9.2 ஆகி, தவணை மட்டும் அதே 37,870-இல் நின்றால், அசலில் மாதம் 500 ரூபாய்கூடக் கழியாது. கடன் தீர இன்னும் 47 வருஷம் ஆகும். 38 வயதில் வாங்கியவர் கொள்ளுப்பேரன் கையைப் பிடித்துக்கொண்டு கடைசித் தவணை கட்டப் போக வேண்டும். வங்கிகள் அவ்வளவு தூரம் விடாமல் தவணையையும் சேர்த்து உயர்த்தின. தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. அப்படிக் கேட்டுக் கடிதமும் வந்தது. நம்மவர் அதைப் பிரிக்கவில்லை. கிரெடிட் கார்டு விளம்பரம் என்று நினைத்துவிட்டார்.

வருமான வரி என்றால் இவர் முகத்தில் ஒரு தனிக் களை. “வட்டி கட்டுறதுல வரி மிச்சம் சார். கவர்மென்டே பாதி கட்டுது” என்பார். பழைய வரி முறையில், குடியிருக்கும் வீட்டுக்கு வருஷத்துக்கு 2 லட்சம் வரைதான் வட்டியைக் கழிக்க முடியும். 30 சதவீத வரி கட்டுபவருக்கு செஸ்ஸோடு சேர்த்து மிச்சம் 62,400 ரூபாய். இவர் முதல் வருஷம் கட்டிய வட்டி 4 லட்சத்து 21 ஆயிரம். புதிய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவும் இல்லை என்று ஆடிட்டர் சொன்னபோது, அரசாங்கம் தன் முதுகில் குத்திவிட்டதாக ஒரு வாரம் யாரோடும் பேசவில்லை.

போனஸ் வந்தால் கடனில் கொஞ்சம் அடைக்கலாமே என்று அம்மாள் ஆரம்பித்தால், “வீட்டுக் கடன்தாம்மா உலகத்துலேயே சீப்பான கடன். அதை ஏன் சீக்கிரம் அடைக்கணும்?” என்று எங்கேயோ கேட்டதை ஒப்பிப்பார். அந்த போனஸ் பிறகு பெரிய டி.வி.யாக வந்து, காலி ஆணி ஒன்றுக்குப் பக்கத்தில் உட்காரும். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் தனிநபரிடம் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012-லிருந்தே வங்கிகளுக்கு விதி. முதல் மாதத்திலிருந்து 5,000 ரூபாய் கூடுதலாகக் கட்டியிருந்தால் 20 வருஷக் கடன் பதினைந்தரை வருஷத்தில் முடிந்திருக்கும். 13 லட்சத்துக்கு மேல் வட்டி மிஞ்சியிருக்கும். அம்மாள் இதைக் காலண்டர் தாளின் பின்பக்கத்தில் போட்டுக் காட்டினார். இவர் தாளைத் திருப்பி ராகுகாலம் பார்த்தார்.

மொத்தக் கணக்கே போடாதவர் என்றும் சொல்லிவிட முடியாது. ஒரே ஒரு மொத்தம் அவருக்குத் துல்லியமாகத் தெரியும். கடன் முடிந்த 30 நாளுக்குள் வங்கி மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும்; தன் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்று 2023 டிசம்பரிலிருந்து விதி இருக்கிறது. பேப்பரில் அதைப் படித்த அன்றே மனசுக்குள் பெருக்கிவிட்டார். “ஒரு வருஷம் பத்திரத்தைத் தொலைச்சுட்டுத் தேடட்டும். 18 லட்சம்!”

10 வருஷம் ஓடிவிட்டது. பக்கத்து பிளாக்கில் ஒரு ஃபிளாட் 95 லட்சத்துக்குப் போனதாகக் கேள்விப்பட்டதிலிருந்து இவர் நடையே மாறிவிட்டது. “62-க்கு வாங்கினது. இப்ப 95. உக்காந்த இடத்துல 33 லட்சம் லாபம்!”

“கொஞ்சம் இருங்க” என்று அம்மாள் காலண்டர் தாளை எடுத்தார். கையிலிருந்து போட்டது 12 லட்சம். பத்திரப்பதிவு, மாடுலர் கிச்சன், கிரில், கிரகப்பிரவேசம் எல்லாம் சேர்த்து 8. வட்டி 8.5-லேயே நின்றதாக வைத்துக்கொண்டாலும் பத்து வருஷத் தவணை 52. ஆகமொத்தம் 72 லட்சம் போயிருக்கிறது. பாதிக் காலம் ஓடினாலும் பாதிக் கடன் தீரவில்லை. இன்னும் 35 லட்சம் பாக்கி. 95-க்கு விற்று வங்கிக்கு 35 கொடுத்தால் கையில் நிற்பது 60. போட்டது 72, வந்தது 60.

“லாபம் எங்கேங்க? 12 லட்சம் குறையுது. பத்து வருஷம் குடியிருந்திருக்கோம், அதுக்கு வாடகைன்னு வெச்சுக்கலாம். மாசம் பத்தாயிரம் ஆகுது. மோசமில்லை. ஆனா லாபம்னு வெளியில சொல்லாதீங்க.”

இவர் வெகுநேரம் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். கூட்டல் சரியாக இருக்கிறதா என்று விரல் விட்டுப் பார்த்தார். சரியாகத்தான் இருந்தது. அன்று ராத்திரி சரியாகச் சாப்பிடவில்லை. மனிதர் திருந்திவிட்டார் என்றே வீட்டில் நினைத்தார்கள்.

மறுநாள் காலை செங்கல்பட்டு வண்டியில் ஒரு பையன் மாட்டினான். புதுசாகக் கல்யாணமானவன், குரோம்பேட்டையில் வாடகைக்கு இருப்பவன்.

“வாடகை எவ்வளவு தம்பி? இருபதாயிரமா?” என்று கேட்டுவிட்டு அனுதாபத்தோடு அவன் தோளில் கை போட்டார். “நான் டபுள் பெட்ரூம்ல மாசம் பத்தாயிரத்துக்கு இருக்கேன். எப்படின்னு கேளு!”