ரவை அரை கிலோ

நகைக்குப் பீரோ இருக்கிறது, வீட்டுப் பத்திரத்துக்கு வங்கி லாக்கர் இருக்கிறது. மைத்துனர் பேச்சைக் கேட்டு வாங்கிய துளியூண்டு பிட்காயினுக்குத்தான் எங்கள் வீட்டில் இடமில்லை.

காசு என்னவோ பத்திரமாகத்தான் இருக்கிறது. உலகமெங்கும் நகலெடுத்து வைத்திருக்கும் கணக்கேட்டில் அது பாட்டுக்குக் கிடக்கும். நாம் காக்க வேண்டியது அதைச் செலவழிக்கும் ரகசியச் சாவியை. அது தொலைந்தால், "சார், பாஸ்வேர்டு மறந்துடுச்சு" என்று போய் நிற்க மேனேஜர் கிடையாது.

பிரிட்டனில் நியூபோர்ட்காரர் ஜேம்ஸ் ஹவல்ஸின் ஹார்டு டிஸ்க் 2013இல் குப்பைமேட்டுக்குப் போனது. சுமார் 8,000 பிட்காயினின் சாவி அதில். தோண்ட நகராட்சி விடவில்லை. 2025 ஜனவரியில் நீதிமன்றமும் கைவிரித்தது. புரோகிராமர் ஸ்டீபன் தாமஸின் கதை நேர்மாறு. 7,002 பிட்காயினின் சாவி பூட்டிய பென்டிரைவில் பத்திரம். பாஸ்வேர்டு எழுதிய காகிதத்தைத்தான் காணோம். பாஸ்வேர்டைப் போட்டுப் பார்க்கக் கிடைக்கும் பத்து வாய்ப்பில் எட்டு போய்விட்டது என்று 2021இல் செய்தி வந்தது.

ஆரம்பத்தில் ஒருவருடைய எல்லாச் சாவிகளும் 'வாலட்.டாட்' என்ற ஒரே கோப்பில் இருந்தன. 2011 வரை அதற்குப் பாஸ்வேர்டே கிடையாது. பேக்கப் எடுத்தவர்களாலும் நிம்மதியாகத் தூங்க முடியவில்லை. அன்றைய மென்பொருள் நூறு சாவிகளை முன்கூட்டியே செய்து வைத்தது. அவை தீர்ந்தபின் செய்தவை பழைய நகலில் இருக்கவில்லை.

இப்போது பல வாலட்கள், அதாவது சாவி காக்கும் செயலிகள், 2,048 சொற்கள் கொண்ட பட்டியலிலிருந்து 12 அல்லது 24 சொற்களைத் தருகின்றன. வரிசை மாறாமல் எழுதி வைத்தால் போதும், சாவிகளை அவற்றிலிருந்தே மீட்டுவிடலாம். அந்தப் பட்டியலில் ஆனியன், கார்லிக், ஜிஞ்சர், கோகனட் எல்லாம் உண்டு. என் காகிதத்தைப் பார்த்த மனைவி, "என்னங்க மளிகை லிஸ்ட் இது, பாதிச் சாமானைக் காணோம்?" என்று கேட்டு, அடியில் 'ரவை அரை கிலோ' என்று சேர்த்துவிட்டாள். சொற்களோடு சொந்தமாக ஒரு கடவுச்சொல்லும் சேர்த்தால் கூடுதல் பாதுகாப்பு என்கிறார்கள் நிபுணர்கள். ரவையை அவர்கள் மனதில் வைத்துச் சொன்னதாகத் தெரியவில்லை.

போட்டோ எடுத்து வைக்கச் சொன்னான் மகன். போனில் எடுத்த படம் நாம் கேட்காமலே கிளவுடுக்கும் போய் உட்கார்ந்துகொள்ளும். அரிசி டின்னுக்குள் வைத்தால் வண்டு, காலண்டருக்குப் பின்னால் வைத்தால் பழைய பேப்பர்காரர்.

ஆகவே, வாசகர்களே, காகிதத்தில் எழுதி இரண்டு வேறு இடங்களில் வையுங்கள். பெரிய தொகை போடும் முன், அதை வைத்தே வாலட்டை ஒருமுறை மீட்டுப் பாருங்கள். வைத்த இடத்தை நம்பகமான ஒருவரிடம் சொல்லி வையுங்கள். திருடன் வந்தாலும் வருவான், வராமலும் போவான். மறதி கட்டாயம் வரும்.