ஓமிப்ரசோலா, ஃபோமிபிசோலா?

வடக்கனந்தலில் நின்றால் கல்வராயன் மலை தெரியும். மலையில் காய்ச்சும் சாராயத்தின் வாடையும் அடிவாரத்துக்குப் பழக்கம்தான். கள்ளக்குறிச்சியில் இருந்த அதிகாரிகளின் மூக்குக்குத்தான் அது எட்டவில்லை.

2024 ஜூன் 19 அன்று கள்ளக்குறிச்சியின் கருணாபுரத்தில் அடுத்தடுத்துச் சாவு விழுந்தது. கள்ளச்சாராயம் காரணமில்லை என்றது மாவட்ட நிர்வாகத்தின் முதல் விளக்கம். வலிப்பு, வயிற்றுக் கோளாறு என்று ஆளுக்கொரு நோயும் சொல்லப்பட்டது. ஒரே தெருவில், ஒரே நாளில்! ஆய்வகம் சொன்ன பெயர் ஒன்றுதான்: மெத்தனால்.

உடலுக்குள் மெத்தனால் ஃபார்மிக் அமிலமாக மாறிக் கண்ணைக் குருடாக்கும், உயிரையும் எடுக்கும். அந்த மாற்றத்தைத் தடுப்பது ஃபோமிபிசோல். ஓமிப்ரசோலோ நெஞ்செரிச்சலுக்குத் தின்னும் மாத்திரை. பிணங்கள் எரிந்துகொண்டிருந்தபோது அரசியல் மேடை அலசியது, இரண்டில் எது இருப்பில் இருக்கிறது, யார் எதைச் சொன்னார் என்பதைத்தான். தமிழ்நாட்டு மருந்தியலுக்கு இப்படியொரு பொதுத்தேர்வு அதற்கு முன் நடந்ததில்லை. (தேறியவர் யாரென்று கேட்காதீர்கள்.)

விசாரணைக்கு ஓய்வுபெற்ற நீதிபதி கோகுல்தாஸ் தலைமையில் ஒருநபர் ஆணையம். கெடு 3 மாதம். ஆணையத்து மாதத்துக்கு முப்பது நாள் கணக்கெல்லாம் செல்லாது.

60க்கும் மேற்பட்டோர் இறந்த அந்த வழக்கை, 2024 நவம்பர் 20 அன்று சென்னை உயர் நீதிமன்றம் மாநிலப் போலீசிடமிருந்து எடுத்து சிபிஐயிடம் கொடுத்தது.